யார் திறந்த குழாய்?

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

எங்கள் மார்க்கெட் கழிப்பறையில், ஆண்கள் பக்கத்துத் தண்ணீரை மூடிவிட்ட செய்தியில் "பொதுமக்கள் பொறுப்பில்லாமல் தண்ணீரை வீணாக்குவதால்" என்று போட்டிருந்தீர்கள். மனம் மிகவும் வருந்தியது. அங்கே பொதுமக்கள் கை வைக்கக் குழாயே கிடையாதென்பது தாங்கள் அறியாததல்ல. மூன்று யூரினலுக்கும் மேலே ஒரே தொட்டி. சின்னக் குழாயிலிருந்து சொட்டிச் சொட்டி 9 லிட்டர் நிறைந்ததும் தானாகக் கொட்டும், நடுச்சாமத்திலும் கொட்டும்.

10 நிமிடத்துக்கு ஒருமுறை கொட்டியது. ஒரு நாளைக்கு 1,296 லிட்டர். மார்க்கெட் நடப்பது காலை 6 முதல் பகல் 1 வரைதான். மீதி 17 மணி நேரத்தில் 918 லிட்டர் ஆளில்லாமல் ஓடியது. பிரிட்டனின் 1999ஆம் ஆண்டு விதி இப்படிப் பொதுத் தொட்டி இருந்தால் ஒரு யூரினலுக்கு மணிக்கு 7.5 லிட்டர்தான் அனுமதிக்கிறது. அந்தக் கணக்குக்கு இங்கே 24 நிமிடத்துக்கு ஒருமுறை போதும்.

தொட்டி இவ்வளவு வேகமாக நிறைந்தது எப்படி? தண்ணீர்த் தடை முடிந்து வரும் முதல் தண்ணீரில் சேறு இருக்கும். அது சொட்டுக் குழாயை அடைக்கும். கழற்றிக் கழுவாமல் இன்னும் கொஞ்சம் திருகித் திறப்பார்கள். அடைப்பு விலகியதும் வேகமாக நிறையும், திருப்பிக் குறைக்க ஆள் வராது. 2020 செப்டம்பரில் சுங்கை சிலாங்கூர் ஆறு மாசுபட்டுச் சுத்திகரிப்பு ஆலைகள் நின்றபோது வாளியோடு வரிசையில் நின்றவர்கள் நாங்கள். தோட்டத் தொழிலாளர் லயத்துப் பொதுக்குழாயில் குடம் வைத்து வளர்ந்தவர்கள் இங்கே பாதிப்பேர். எங்களுக்கா தண்ணீரின் அருமை தெரியாது?

இப்போது அடியோடு மூடியாயிற்று. தேங்கிய சிறுநீரில் உள்ள யூரியாவைக் கிருமிகள் அம்மோனியாவாக்கும், கண் எரியும். மஞ்சள் காறை படிந்து வடிகுழாய் அடைபடும். பாச்சை உருண்டை நாற்றத்தை மறைக்குமே தவிர காறையைக் கரைக்காது. அதன்மேல் குளோரின் வெளுப்பானை ஊற்றுவது இன்னும் மோசம். அம்மோனியாவோடு சேர்ந்து நச்சுவாயு கிளம்பும். தண்ணீரில்லா யூரினல் என்று ஒன்று உண்டு, ஆனால் அதன் அடியில் நாற்றத்தைத் தடுக்க எண்ணெய் போன்ற தனி அடைப்பு இருக்கும். சாதாரண யூரினலின் தண்ணீரை மூடிவிட்டால் அது அப்படி ஆகிவிடாது. இதற்கும் வாசலில் 30 சென் வாங்குகிறார்கள்.

நாங்கள் கேட்பது இவ்வளவுதான். சொட்டுக் குழாயைக் கழற்றிக் கழுவி, தேய்ந்த வாஷரை மாற்றி, கடிகாரம் பார்த்து 24 நிமிடத்துக்குத் திருகி வைக்க வேண்டும். மார்க்கெட் மூடும்போது கடைசியாக ஒருமுறை கொட்டவிட்டு வால்வை அடைக்க வேண்டும். காலையில் கூட்டிப் பெருக்க வருபவர் திறந்துவிடலாம். பொதுமக்களைப் பற்றிய அந்த வரிக்குத் தாங்கள் ஒரு திருத்தமும் போட வேண்டும்.

இப்படிக்கு,
வாசகர், தோட்டப்புறப் பட்டணம், சிலாங்கூர்