ஊழிக்கரையின் விளக்கேற்றம்: நண்பருக்கு ஒரு கடிதம்

தண்ணீரூற்று,
முல்லைத்தீவு.

அன்புள்ள நண்பருக்கு,

உமது கடிதம் கிடைத்தது. நீரும் வீட்டாரும் சுகமாக இருப்பதை அறிந்து மகிழ்ந்தோம். இங்கும் எல்லோரும் நலம். முத்தையன்கட்டுக் குளத்துத் தண்ணீர் இம்முறை வேளைக்குக் கிடைத்ததால் சிறுபோகப் பயிர் நன்றாக நிற்கிறது. குரங்குத் தொல்லைதான் குறைந்தபாடில்லை.

பள்ளிக்கூட நாட்களில் நாம் கொப்பித் தாள்களில் வரைந்து வைத்த ஊழிக்கரை நாட்டைப் பற்றி நான் எழுதிவரும் கதையில், விளக்கேற்றச் சடங்கு வரும் அத்தியாயத்தைப் பொறுமையாக வாசித்திருக்கிறீர். தலைமைப் பூசகி கையை உயர்த்தியதும் கோபுரம் தானாகவே சுடர்விட்டால் கதை இன்னும் எடுப்பாக இருக்குமே, கற்பனை நாட்டில் ஒளிக்கு ஏன் இந்தச் சிக்கனம் என்று கேட்டிருக்கிறீர். நன்றாக யோசித்துப் பார்த்தேன். கோபுரம் தானாக எரிய வேண்டாம் என்பதே என் முடிவு. காரணத்தைச் சொல்கிறேன்.

ஊழிக்கரையில் ஆண்டுக்கு ஒருமுறை கடலிலிருந்து எழும் மூட்டம் பல நாட்களுக்குப் பகலையே மறைத்துவிடும். மூட்டம் இறங்கும் முதல் மாலையில் எல்லா வீட்டு அடுப்புகளும் அணைக்கப்படும். குளக்கட்டின் கீழே உள்ள கல்மண்டபத்தில் மட்டும் ஒரு சுடர் இருக்கும். வீட்டுக்கு ஒரு கரண்டி இலுப்பெண்ணெய் கொண்டுவந்து பொதுப் பானையில் ஊற்றுவார்கள், ஆகவே எவர் வீட்டு எண்ணெய் எவர் வாசலில் எரிகிறது என்பதை எவரும் அறியார். தன் வீட்டு விளக்கைத் தானே ஏற்றுதல் ஆகாது. பக்கத்து வீட்டார்தான் ஏற்ற வேண்டும். சுடர் வீட்டு வரிசைப்படியே போக வேண்டும். இடையில் ஒரு வீட்டைத் தாண்டவும் கூடாது.

இந்தக் கடைசி விதிக்காகவே நான் அந்தச் சடங்கை எழுதினேன். எல்லை வேலிக்குச் சண்டைபிடித்து ஆண்டுக்கணக்காக முகம் பார்க்காத இரண்டு வீடுகள் அந்த வரிசையில் அடுத்தடுத்து வருகின்றன. முந்திய வீட்டுக்காரர் காற்றுக்கு உள்ளங்கையால் சுடரை மறைத்துக்கொண்டு அடுத்த வீட்டுக்காரியின் வாசலில் வந்து நிற்கிறார். அவள் தன் சிட்டியை, அந்தச் சிறு மண்விளக்கை, நீட்டுகிறாள். மூட்டத்தின் ஈரத்தில் அவளுடைய திரி நனைந்துபோயிருக்கிறது, பற்றுவதாக இல்லை. திரியின் நுனியை அவள் விரலால் பிழிந்துவிட்டு, எண்ணெயில் தோய்த்து மறுபடியும் நீட்ட, அவர் போகவும் முடியாமல் பேசவும் முடியாமல் அந்த இருட்டில் காத்து நிற்கிறார். நீர் சொல்வதுபோலக் கோபுரம் தானாக எரிந்திருந்தால் அந்த இருவரும் தத்தம் முற்றத்தில் நின்றே அண்ணாந்து பார்த்துவிட்டுப் படுத்திருப்பார்கள்.

அற்புதத்தை வெறுக்கிறவன் என்று என்னை எண்ணிவிட வேண்டாம். வற்றாப்பளைக் கண்ணகி அம்மன் கோயில் பொங்கலைப் பார்த்து வளர்ந்த ஒருவன் அப்படி இருக்க முடியுமா? நந்திக்கடற்கரையில் மாடு மேய்த்த சிறுவர்கள் கிழவியாய் வந்த கண்ணகிக்குப் பொங்கிக் கொடுத்ததையும், பொழுதுபட்டதும் விளக்கேற்ற எண்ணெய் இல்லையென்று அவர்கள் சொல்ல, கடல்நீரை ஊற்றி ஏற்றுங்கள் என்று அவள் சொன்னதையும் நாம் இருவரும் ஒரே திண்ணையில் இருந்துதான் கேட்டோம். இன்றும் வைகாசியில் முல்லைத்தீவுக் கடலில் தீர்த்தமெடுத்து முள்ளியவளை காட்டா விநாயகர் கோயிலுக்குக் கொண்டுவருகிறார்கள். அந்த உப்புநீரில் அங்கே ஒரு வாரம் விளக்கு எரிந்து, பிறகு வற்றாப்பளைக்குப் போகிறது. ஆனால் அந்த அற்புதத்துக்கு முன்னே பொங்கலுக்காகப் பாக்குக் கேட்டுப் பெறும் பாக்குத் தெண்டல் இருக்கிறது, தீர்த்தம் சுமக்கும் நடை இருக்கிறது, படையலுக்கான மடைப்பண்டம் இருக்கிறது, இன்னின்ன வேலை இன்னின்னாருக்கு என்று வழிவழியாக வந்த முறை இருக்கிறது. உப்புநீர் எரிவதைப் பார்க்க வருகிற சனம் அதற்கு முன்பே ஊராய்க் கூடிவிடுகிறது. என் கதைக்கு நான் எடுத்துக்கொண்டது அந்தப் பகுதியை.

இன்னொன்றும் உண்டு. 1990களில் எங்கள் பகுதிக்கு அரசு விதித்த பொருளாதாரத் தடையின்போது ஜாம் போத்தலுக்குள் பஞ்சை வைத்து, அது நனையுமளவுக்கு மட்டும் மண்ணெண்ணெய் விட்டு எரித்த விளக்கில் படித்த நாம், வெளிச்சம் செலவாகிற பொருள் என்பதை உடம்பால் அறிந்தவர்கள். ஒரு போத்தலைச் சுற்றி எத்தனை தலைகள் குனிந்திருந்தன என்பது உமக்கு நினைவிருக்கும். எண்ணெய் குறையாத விளக்கை நான் எழுதினால் அதை நானே நம்பமாட்டேன்.

ஆளில்லாத வீடுகளை என்ன செய்வது என்ற உமது இரண்டாவது கேள்வி மிகவும் நல்லது. உண்மையில் அதுதான் என்னைத் தூங்கவிடவில்லை. வரிசையைத் தாண்டக்கூடாது என்றால் பூட்டிய வாசலிலும் சுடர் நிற்க வேண்டும். அங்கே விளக்கை நீட்ட யாருமில்லை. ஆகவே அந்த வீட்டுக்கான சிட்டியை முந்திய வீட்டாரே செய்து, ஆண்டு முழுவதும் தங்கள் அடுப்படியில் வைத்துக் காக்க வேண்டும் என்றும், வீட்டுக்காரர் எப்போதாவது திரும்பி வந்தால் முதலில் கையில் கொடுக்க வேண்டியது அந்தச் சிட்டியையே என்றும் எழுதியிருக்கிறேன். திரும்பி வராத வீடுகளுக்குச் சேர்ந்துபோகும் சிட்டிகளை எந்தத் தலைமுறை வரை வைத்திருப்பது என்பதை நீர்தான் சொல்ல வேண்டும். ஊழிக்கரையின் சட்டங்களை அந்நாளில் எழுதியவர் நீர் அல்லவா.

நாட்டின் வரைபடம் உம்மிடம் இருக்கிறதென்று எழுதியிருந்தீர். அதில் கல்மண்டபத்திலிருந்து கரைவரை எத்தனை வீடுகள் குறித்திருக்கிறோம் என்று பார்த்து, முடிந்தால் ஒரு பிரதி எடுத்து அனுப்பும். பொங்கலுக்கு வருவதாயின் முன்கூட்டியே அறிவியும்.

என்றும் அன்புடன்,
உமது பழைய நண்பன்