ஓலை வாசிப்பதற்கு முன்

அன்பு மகள் ஜெனிட்டாவுக்கு,

தங்கச்சிமடத்திலிருந்து அம்மா எழுதுவது. உனக்கும் மருமகனுக்கும் தலசீமியா மைனர் இருப்பதை, அதாவது நோயில்லாமல் அந்த ரத்தசோகையின் மரபணுவை மட்டும் சுமப்பதை, உறவில் எவரிடமும் சொல்ல வேண்டாம் என்று நீ கேட்டுக்கொண்டாய். இதுவரை நான் வாய் திறக்கவில்லை. ஆனால் உன் நாத்தனாரை உன் பெரியம்மா, அதாவது என் அக்கா, மகனுக்குப் பேசி முடித்துவிட்டார்கள். மாப்பிள்ளை அவளுக்குச் சொந்த அத்தை மகன் என்பதால் ஆயரின் அனுமதிக்கு எழுதியிருக்கிறார்கள். அது வந்ததும் கோயிலில் ஓலை வாசித்து, கல்யாணத்தை எல்லாருக்கும் அறிவித்துவிடுவார்கள்.

உன் அச்சம் நியாயமானது. 1970களில் அமெரிக்கக் கறுப்பின மக்களிடையே அரிவாள் செல் சோகைக்குப் பரிசோதனை நடந்தபோது, நோயே இல்லாமல் மரபணுவை மட்டும் சுமந்தவர்களுக்கும் வேலையும் காப்பீடும் மறுக்கப்பட்டதுண்டு. நம் கடற்கரையிலும், ஆணுக்கு அதே மரபணு இருந்தாலும், ரத்தத்தில் குறை என்ற பேச்சு பெண்ணின் தலையில்தான் விழும்.

ஆயினும் நான் செவிலியராக இருந்தபோது பார்த்த ஒரு சிறுவன் என் கண்ணை விட்டு அகலவில்லை. தலசீமியா மேஜர் உள்ள பிள்ளைக்கு மூன்று, நான்கு வாரத்துக்கு ஒருமுறை ரத்தம் ஏற்ற வேண்டும். ஏற்றிய ரத்தத்தின் இரும்பு இதயத்திலும் கல்லீரலிலும் படியாமலிருக்கத் தனியாக மருந்தும் கொடுக்க வேண்டும். ஊசி குத்த நரம்பு அகப்படாமல் நாங்கள் ஒரு கையைத் தட்டித் தட்டித் தேடிக்கொண்டிருந்தால், அவன் அழாமல் மற்றக் கையை நீட்டிவிடுவான். பெற்றோர் இருவருக்கும் மைனர் இருந்தால், ஒவ்வொரு கருவிலும் இப்படியொரு பிள்ளை பிறக்க நான்கில் ஒரு பங்கு வாய்ப்பு உண்டு. இது தெரியாமலே ஒரு பெண் கழுத்தை நீட்டுவதை, தெரிந்த நாம் பார்த்துக்கொண்டிருப்பது சரியா? சைப்ரஸ் தீவில் திருச்சபையே திருமணத்துக்கு முன் பரிசோதனைச் சான்றிதழ் கேட்கிறது. மணப்பதா வேண்டாமா என்பதை அந்த இருவரிடமே விட்டுவிடுகிறது. எனக்கும் அதுவே முறையாகப் படுகிறது. கல்யாணத்தை நிறுத்த நான் சொல்லவில்லை, தெரிந்துகொண்டு கட்டட்டும் என்றுதான் சொல்கிறேன்.

போன வாரம் ராமநாதபுரம் போய் நானும் ரத்தம் கொடுத்துப் பார்த்தேன். எனக்கும் மைனர் இருக்கிறது. மருமகனின் அப்பாவான உன் மாமாவுக்கும், அவர் உடன்பிறந்த எனக்கும் ஒரே வழியில் வந்ததென்றால், எங்கள் அக்காவுக்கும் சரிபாதி வாய்ப்பு உண்டு. என் ரத்தத்தின் முடிவை என் அக்காவிடம் சொல்ல எனக்கு உரிமை இருக்கிறது என்றுதான் நினைக்கிறேன். ஆனால் சொன்ன மறுகணம் அவள் உன்னைப் பற்றிக் கேட்பாள். என்னால் பொய் சொல்ல முடியாது. அதனால்தான் உன் சம்மதம் இல்லாமல் அக்கா வீட்டுப் படியேற மனம் வரவில்லை.

மருமகனிடம் கலந்து பேசு. தங்கையிடம் அவரே சொல்வதாக இருந்தால் இன்னும் நல்லது. ஆயரின் அனுமதி எந்த நாளும் வந்துவிடலாம். அதற்குள் பதில் எழுது.

அன்புடன்,
அம்மா