ஒட்டினால் போகாத தார்

ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழின் மௌனப்படக் கட்டுரையை ரசித்துப் படித்தேன். ஒரு வரிதான் உறுத்தியது. அந்தக் காலத்துச் சோகப் படங்களில் நாயகிகள் கண்ணை உருட்டி, மார்பில் அடித்துக்கொண்டு அழுவதைத் தவிர வேறொன்றும் செய்யவில்லையாம். பிரெஞ்சு இயக்குநர் லூயி ஃபுய்யாட் 1911இல் கோமோன் படக் கம்பெனிக்கு எடுத்த 'லா தார்' படத்தைக் கட்டுரையாளர் பார்க்கவில்லை போலிருக்கிறது.

பிரெஞ்சில் 'தார்' என்றால் குறை, களங்கம். நமக்கு ரோட்டுத் தார்தான் ஞாபகம் வரும். ஒட்டினால் லேசில் போகாது என்ற அளவில் அதுவும் சரிதான்.

ஆன்னா பாரிஸில் நடனக் கூடத்தில் காலம் தள்ளும் பெண். ஒரு டாக்டர் அவளைத் தெற்கே தன் மருத்துவமனைக்கு அழைத்துப்போய் வேலை தருகிறார். நோயாளிகளிடம் நல்ல பெயர் எடுக்கிறாள். டாக்டர் இறந்தபின் நிர்வாகப் பொறுப்பும் அவளுக்கே வருகிறது. அப்புறம் பாரிஸ் நாட்களில் பழகியவன் ஒருவன் அவளை அடையாளம் கண்டுகொள்கிறான். அவ்வளவுதான், பழங்கதை வெளியே வருகிறது, வேலை போகிறது. அவளுடைய பழைய வாழ்க்கையைத் தெரிந்தும் பொருட்படுத்தாத ஒரே மனிதர் உயிரோடு இல்லை. எனக்கு நெஞ்சை அடைத்தது அதுதான்.

ஆன்னாவாக வரும் ரெனே கார்ல் ஊரைக் கூட்டி அழவில்லை. கேமரா நகராமல் தள்ளியே நிற்கிறது. முகத்தைப் பெரிதாகக் காட்டுவதில்லை. தோள் சற்றுத் தளர்வதும் நடை தயங்குவதும்தான் நமக்குக் கிடைக்கும் சேதி.

'உள்ளது உள்ளபடி வாழ்க்கை' என்று பொருள்படும் தலைப்பில் ஃபுய்யாட் அந்த வருடம் தொடங்கிய வரிசையில் வந்த படம் இது. மனிதர்களை இருக்கிறபடியே காட்டுவோம், இருக்கவேண்டியபடி அல்ல என்று அப்போதே அறிவித்திருந்தார். ராஜா ராணி உடுப்புகளும் பெரிய செட்டுகளும் தேவையில்லை என்பதால் செலவும் மிச்சம். கம்பெனிக்கு அது கசந்திருக்காது!

கட்டுரையில் ஃபுய்யாட் 'ஃபான்டோமாஸ்' என்ற குற்றக்கதைத் தொடர்படத்தின் இயக்குநராக மட்டும் வருகிறார். அது 1913இல்தான் வரத் தொடங்கியது. அதில் லேடி பெல்தாமாக நடித்ததும் இதே ரெனே கார்ல்தான். அடுத்த முறை 1911இலிருந்து தொடங்கச் சொல்லுங்கள். படத்தைப் பார்ப்பவர்கள், பின்னால் சேர்த்திருக்கும் பியானோவை அணைத்துவிட்டுப் பாருங்கள்.

இப்படிக்கு,
பழைய சந்தாதாரர் ஒருவர்,
கும்பகோணம்.