லூசில் பால் கட்டுரைக்குத் துணைநின்றோர்க்கு நன்றி மடல்

அன்புடையீர், வணக்கம்.

அமெரிக்கத் தொலைக்காட்சியின் நகைச்சுவை நடிகை லூசில் பாலின் கலைவாழ்வையும் அவர் பெற்ற விருதுகளையும் பற்றி நான் எழுதிவந்த நெடுங்கட்டுரை நிறைவுபெற்று அச்சுக்குப் போகிறது. கட்டுரையின் அடியில் என் பெயர் மட்டுமே இருக்கும் என்றாலும், அதில் உருப்படியாக அமைந்தவற்றுள் பெரும்பகுதி உங்களில் யாரோ ஒருவர் எடுத்துக் கொடுத்தது என்பதால், தனித்தனியே எழுதாமல் எல்லோரும் அறிய இம்மடலை எழுதுகிறேன். பெயரைக் குறிப்பிட வேண்டாம் என்று நீங்கள் கேட்டுக்கொண்டதை மதித்து, செய்த உதவியைச் சொல்லியே ஒவ்வொருவரையும் நினைவுகூர்கிறேன்.

விருதுப் பட்டியலை ஆண்டுவாரியாகச் சரிபார்த்துத் தந்த நண்பருக்கு முதல் நன்றி. அமெரிக்கத் தொலைக்காட்சித் துறைக்கு வழங்கப்படும் எம்மி விருதைப் பொறுத்தவரை, நடிப்பு ஒளிபரப்பான ஆண்டு ஒன்றாகவும் விழா நடந்த ஆண்டு வேறொன்றாகவும் இருப்பதால் கணக்கு எளிதில் குழம்பும். அவர் எல்லாவற்றையும் விழா ஆண்டின்படியே வரிசைப்படுத்தினார். நடிப்புக்காக லூசில் பால் பெற்ற எம்மி விருதுகள் நான்கு என்றும், 1953, 1956 ஆகிய ஆண்டுகளில் வாங்கியவை ‘ஐ லவ் லூசி’ தொடருக்கும், 1967, 1968 ஆகிய ஆண்டுகளில் வாங்கியவை ‘தி லூசி ஷோ’வுக்கும் உரியவை என்றும் ஐயத்துக்கு இடமின்றி நிறுவித் தந்தவர் அவரே. 1952ஆம் ஆண்டு எம்மி விழாவில் விருதை வென்ற நகைச்சுவை நடிகர் ரெட் ஸ்கெல்டன், அது லூசில் பாலுக்குப் போயிருக்க வேண்டியது என்று மேடையிலேயே சொன்ன செய்தியையும் அவர்தான் தேடி எடுத்தார். அதைவிட முக்கியமாக, பட்டியலின் ஒவ்வொரு வரிக்கும் எதிரே, “இதில் வேறு யாருக்குப் பங்கு?” என்று பென்சிலால் எழுதி அனுப்பியிருந்தார். வெறும் பட்டியலாக நின்றிருக்கக்கூடிய என் கட்டுரைக்கு உயிர் கொடுத்தது அந்தக் கேள்விதான்.

அக்கேள்விக்கு முதல் விடையைத் தந்தவர், தொலைக்காட்சியில் நெடுங்காலம் ஒளிப்பதிவாளராகப் பணியாற்றி ஓய்வுபெற்ற பெரியவர். ஐயா, உங்கள் வீட்டுக் கூடத்தில் மூன்று நாற்காலிகளை மூன்று கேமராக்களாக வைத்து, நடுவில் என்னை நிற்கச் செய்து, ஒரு கேமராவுக்குப் போடும் விளக்கு இன்னொரு கேமராவின் பார்வையில் நிழலாக விழுவது எப்படி என்று நீங்கள் காட்டிய பிறகுதான் ‘ஐ லவ் லூசி’யின் ஒளிப்பதிவாளர் கார்ல் ஃபிராய்ண்டின் அருமை எனக்கு விளங்கியது. ஆஸ்கர் விருது பெற்ற அந்த ஒளிப்பதிவு மேதை, பெரும்பாலான விளக்குகளை மேலே தொங்கவிட்டு அரங்கம் முழுவதும் சீரான ஒளியைப் பரப்பியதால், மூன்று கேமராக்களும் ஒரே நேரத்தில் 35 மி.மீ. படச்சுருளில் பதிவுசெய்ய முடிந்தது. எதிரே ஏறத்தாழ முந்நூறு பேர் அமர்ந்து சிரித்துக்கொண்டிருந்தார்கள். லூசில் பால் காட்சியை இடையில் நிறுத்தி நிறுத்தி நடிக்க வேண்டியதில்லை. நாடக மேடையில் போல, பார்வையாளரின் சிரிப்பு அடங்கும் வரை காத்திருந்து அடுத்த வசனத்தைச் சொல்ல அவரால் முடிந்தது. 1953இல் அவருக்குச் சிறந்த நகைச்சுவை நடிகை விருதைப் பெற்றுத்தந்த நடிப்பு இந்த ஏற்பாட்டில்தான் பிறந்தது என்பதை நீங்கள் விளக்கியிராவிட்டால், நடிப்பைப் புகழ்ந்துவிட்டு ஒளிப்பதிவை ஒரே வரியில் கடந்துபோயிருப்பேன்.

நாடக நடிகையான அக்காவுக்கு நான் எவ்வளவு கடன்பட்டிருக்கிறேன் என்பதை எழுத்தில் வைப்பது கடினம். லூசில் பால் லூசி என்ற பாத்திரமாக நடித்த ‘ஐ லவ் லூசி’யில் 1952ஆம் ஆண்டு வந்த புகழ்பெற்ற விளம்பரக் காட்சியை முதலில் ஒலியை முழுவதும் நிறுத்திவிட்டுப் பார்க்கச் சொன்னீர்கள். சத்து மருந்தை விளம்பரம் செய்ய வந்த லூசி, முதல் கரண்டியை வாயில் வைத்ததும் உதடுகள் சிரிக்கின்றன, கண்கள் தவிக்கின்றன, தொண்டை விழுங்க மறுக்கிறது. மூன்றும் ஒரே முகத்தில், ஒரே நேரத்தில் நடக்கின்றன. ஒத்திகை தொடரத் தொடர, மருந்தில் கலந்த மது தலைக்கேறி, கரண்டியில் ஊற்றுவது குறி தவறுகிறது. ஆனால் குறி தவறும் அந்தக் கை எவ்வளவு கணக்காகத் தவறுகிறது என்று காட்சியை நிறுத்தி நிறுத்திக் காட்டினீர்கள். லூசில் பால் பொருட்களைக் கையில் எடுத்து ஓயாமல் ஒத்திகை பார்த்தவர் என்று ஏட்டில் படித்திருந்தேன். அதன் பொருள் அன்றுதான் புரிந்தது.

எழுத்தாளர்களைப் பற்றிய பகுதி விரிவாக வர வேண்டும் என்று வற்புறுத்தியவரும் அக்காதான். ஜெஸ் ஓப்பன்ஹைமர், மேடலின் பியூ, பாப் கேரல் ஆகிய மூவர் எழுதித் தந்த வசனங்களும் செயல்களும் இல்லாமல் லூசி என்ற பாத்திரமே இல்லை. உடலால் செய்ய வேண்டிய வேடிக்கைகளை ஒரு பெண்ணால் செய்ய முடியுமா என்று மேடலின் பியூ முதலில் தாமே செய்துபார்த்திருக்கிறார் என்பது என்னை மிகவும் நெகிழச் செய்த செய்தி. எனினும் ‘ஐ லவ் லூசி’ வென்ற ஐந்து எம்மி விருதுகளில் எழுத்துக்கு ஒன்றுகூட இல்லை. தொடருக்கு இரண்டு, லூசில் பாலுக்கு இரண்டு, லூசியின் தோழி எத்தெல் வேடத்தில் நடித்த விவியன் வான்சுக்கு 1954இல் ஒன்று. எத்தெலின் கணவர் ஃபிரெட் வேடமேற்ற வில்லியம் ஃபிராலி ஐந்து முறை பரிந்துரைக்கப்பட்டும் ஒருமுறைகூட வெல்லவில்லை. விருது பெறாத இவர்களுக்கும் கட்டுரையில் விருது பெற்றவருக்குரிய இடத்தையே கொடுத்திருக்கிறேன். அதுவே நியாயம் என்று உறுதியாக நம்புகிறேன்.

லூசில் பாலின் கருவுற்ற காலத்தைக் கதையிலேயே சேர்த்ததைப் பற்றிய பகுதியைப் படித்துப் பார்த்து, அதில் ஒரு தாய் மட்டுமே கவனிக்கக்கூடிய பலவற்றைச் சுட்டிக்காட்டிய தோழிக்கும் நன்றி. கதையில் லூசிக்குக் குழந்தை பிறக்கும் எபிசோடு 1953 ஜனவரி 19 இரவு ஒளிபரப்பானது. ஏறத்தாழ 4 கோடியே 40 லட்சம் பேர் பார்த்தார்கள். அன்று காலையில்தான் லூசில் பாலுக்கு உண்மையிலேயே மகன் பிறந்திருந்தான். பார்வையாளர் எண்ணிக்கையைப் பெரிதாக எழுதியிருந்த இடத்தில், கருவுற்ற நிலையிலும் படப்பிடிப்பில் நின்ற பெண்ணின் உடல் உழைப்பை எழுதச் சொன்னீர்கள். எழுதினேன், கட்டுரையின் மிகச் சிறந்த பத்தி அதுதான் என்று முன்வாசிப்புச் செய்தோர் பலரும் கூறினர்.

கணக்கியல் துறையில் இருக்கும் அண்ணன், லூசில் பாலும் அவர் கணவரும் நடத்திய டெசிலு தயாரிப்பு நிறுவனத்தைப் பற்றிய பகுதிக்குத் துணைநின்றார். படச்சுருளில் எடுப்பதால் கூடும் செலவுக்காக லூசில் பாலும் கணவர் டெசி ஆர்னாசும் தங்கள் சம்பளத்தில் ஒரு பகுதியை விட்டுக்கொடுத்து, பதிலாகப் படங்களின் உரிமையைத் தமதாக்கிக்கொண்டதன் பொருளாதாரத்தை அவர் எனக்குப் பொறுமையாக விளக்கினார். 1962இல் ஆர்னாசின் பங்கை வாங்கி நிறுவனத்தைத் தாமே நடத்தி, 1967இல் 1 கோடியே 70 லட்சம் டாலருக்கு லூசில் பால் விற்றார். எந்த விருதுப் பட்டியலிலும் இடம்பெறாத இச்சாதனையை விருதுகளுக்கு முன்னால் வைக்க வேண்டும் என்பது அண்ணனின் கருத்து, அவ்வாறே வைத்திருக்கிறேன்.

1986இல் தொடங்கி ஒருசில வாரங்களிலேயே நிறுத்தப்பட்ட கடைசித் தொடரையும் விட்டுவிடக் கூடாது என்று கடிதம் எழுதிய வாசகருக்கும், மெய்ப்புத் திருத்தியவர்களுக்கும், பழைய இதழ்களைச் சலிக்காமல் எடுத்துத் தந்த நூலகப் பணியாளர்களுக்கும் என் மனமார்ந்த நன்றி. அதே 1986இல் கென்னடி மைய விருதும், மறைந்த பிறகு 1989இல் அமெரிக்க அதிபரின் சுதந்திரப் பதக்கமும் அவருக்குக் கிடைத்தன என்பதைத் தோல்வியுடன் சேர்த்துப் படிக்கும்போதுதான் அந்த வாழ்வு முழுமையாகத் தெரிகிறது.

அச்சுப்படி வந்ததும் உங்கள் ஒவ்வொருவருக்கும் ஒரு படி அனுப்பிவைப்பேன். சேர்க்க வேண்டியது ஏதேனும் கண்ணில் பட்டால் வழக்கம்போல் ஓரத்தில் பென்சிலால் எழுதி அனுப்புங்கள்.

என்றும் நன்றியுடன்,
கட்டுரையாசிரியர்