ஸ்காட்டுக்கு முன்னால் சோஃபியா லீ

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற இதழில் ஆங்கில வரலாற்று நாவல் பற்றி வந்த கட்டுரையை ரசித்துப் படித்தேன். ஆனால் 1814-இல் வால்ட்டர் ஸ்காட்டின் 'வேவர்லி' வந்தபோதுதான் அந்த வகையே பிறந்தது என்று எழுதியிருப்பதை ஒப்புக்கொள்ள முடியவில்லை. பாத் நகரில் பள்ளிக்கூடம் நடத்திவந்த சோஃபியா லீ, 'தி ரிசெஸ்' நாவலின் முதல் பாகத்தை 1783-லேயே வெளியிட்டுவிட்டார். 1785-இல் நாவல் முழுமையாக வந்தது.

ஸ்காட்லாந்து ராணி மேரிக்கு ஊருக்குத் தெரியாமல் இரட்டைப் பெண்கள் பிறந்திருந்தால்? அதுதான் கதை. நிலவறையில் மறைத்து வளர்க்கப்படும் அந்தப் பெண்கள் வெளியே வந்ததும் எலிசபெத் ராணியின் அரசவைச் சூழ்ச்சிகளில் மாட்டிக்கொள்கிறார்கள். ஒருத்தி மட்டில்டா; அவள் லெஸ்டர் பிரபுவை ரகசியமாகக் கல்யாணம் செய்துகொள்கிறாள். மற்றவள் எலினோர் எஸ்ஸெக்ஸ் பிரபுவை நேசித்து, கடைசியில் புத்தி பேதலித்துப்போகிறாள். மணமகள் வேறு என்றாலும், லெஸ்டரின் ரகசியக் கல்யாணத்தை ஸ்காட் 'கெனில்வொர்த்' நாவலில் எடுத்தாண்டது 1821-இல்தான்!

இல்லாத மகள்களை வரலாற்றுக்குள் நுழைக்கலாமா என்று கேட்பவர்களுக்கு ஆய்வாளர் டயானா வாலஸ் 2013-இல் எழுதிய 'ஃபீமேல் காதிக் ஹிஸ்டரீஸ்' என்ற நூல் நல்ல பதில் வைத்திருக்கிறது. கல்யாணமானதும் பெண்ணின் சட்டப்பூர்வ இருப்பு கணவனுக்குள் அடங்கிவிடும் என்று சட்ட அறிஞர் பிளாக்ஸ்டோன் 1765-இல் எழுதிய நாடு இங்கிலாந்து. சட்டமே ஆளாக மதிக்காதவளை வரலாற்று ஏட்டில் எங்கே தேடுவது? அதனால்தான் பூட்டிய அறைகளும் புதைந்த தாய்மார்களும் பெண்களுடைய வரலாற்றுக் கதைகளில் இத்தனை முறை வருகிறார்கள் என்கிறார் வாலஸ். ஜேன் ஆஸ்டினின் 'நார்த்தாங்கர் அபே' நாவலின் நாயகி கேத்தரின்கூட, வரலாற்றுப் புத்தகங்களில் பெண்களே இல்லை என்று அலுத்துக்கொள்கிறாளே.

கட்டுரையாளர் பெரிதும் நம்பும் மார்க்சிய விமர்சகர் லூக்காச், திகில் நாவலாசிரியை ஆன் ராட்க்ளிஃப் போன்றவர்களை இரண்டாந்தரம், மூன்றாந்தரம் என்று போகிற போக்கில் ஒதுக்கியவர். ஸ்காட் அப்படிச் செய்யவில்லை. அயர்லாந்து வாழ்க்கையை எழுதிய நாவலாசிரியை மரியா எட்ஜ்வொர்த்தைப் பின்பற்றவே முயன்றேன் என்று 'வேவர்லி'யின் முடிவிலேயே எழுதியிருக்கிறார். ராட்க்ளிஃபைப் பற்றியும் விரிவாக, மரியாதையோடு எழுதினார்.

சரி, இந்த ஆய்வுகளில் எனக்கும் ஒரு மனக்குறை உண்டு. பெண்கள் எழுதிய, பாழடைந்த கோட்டையும் மர்மமும் நிறைந்த திகில் கதைகளுக்கு 1976-இல் விமர்சகர் எலன் மோயர்ஸ் 'ஃபீமேல் காதிக்' என்று பெயர் வைத்தாலும் வைத்தார், ராட்க்ளிஃபிலிருந்து டாஃப்னி டு மோரியேர் வரை எல்லாரையும் அதற்குள் போட்டுவிடுகிறார்கள். டு மோரியேரின் 'ரெபேக்கா' நாவலில் பெயரில்லாத கதைசொல்லிக்கு மாண்டர்லி மாளிகையில் கிடைக்கும் பயமும், ராட்க்ளிஃபின் நாயகி எமிலிக்கு உடோல்ஃபோ கோட்டையில் வரும் பயமும் ஒன்றா? எமிலியின் சொத்தைப் பறிக்க மொன்டோனி துடிக்கிறான். மாண்டர்லியில் அந்தக் கதைசொல்லியிடம் பறிக்க எதுவுமே இல்லை.

'தி ரிசெஸ்' நாவலைக் கென்டக்கி பல்கலைக்கழகப் பதிப்பகம் 2000-இல் மறுபதிப்பாகக் கொண்டுவந்தது. கட்டுரையாளர் அடுத்த பகுதியை எழுதுமுன் அதை ஒருமுறை புரட்டிப் பார்த்தால், சோஃபியா லீக்கு ஒரு பத்தியாவது ஒதுக்குவார் என்று நினைக்கிறேன்.

தங்கள் வாசகி,
திருநெல்வேலி