இருட்டில் எண்ணிய பொறிகள்

உ
சிவமயம்

மான்செஸ்டர்,
கார்த்திகை கடைசி வாரம்

அன்புள்ள அப்பச்சிக்கு,

மகள் வணக்கத்துடன் எழுதுவது. இங்கு நலம். அங்கு நீங்கள், ஆத்தா, அப்பத்தா எல்லோரும் நலமாக இருக்க வேண்டும். இங்கே குளிர் இறங்கிவிட்டது. காலையில் எட்டு மணிக்குத்தான் விடிகிறது. சாயங்காலம் நாலு மணிக்குள் பொழுது அடைந்துவிடுகிறது. நடுவில் கிடைக்கும் வெளிச்சத்திலும் பாதியை மழை மேகம் தின்றுவிடுகிறது. பிள்ளையார் நோன்புக்கு இங்குள்ள நம்மவர்கள் ஒரு வீட்டில் கூடி இழை எடுக்கப்போகிறோம். ஆத்தா மாவு இடித்து அனுப்பச் சிரமப்பட வேண்டாம்.

முகப்புத் திண்ணையில் படிக்க வரும் பன்னிரண்டாம் வகுப்புப் பையன், "கண்ணுக்கே தெரியாத துகளை எப்படி ஐயா எண்ணினார்கள்?" என்று கேட்டதாக எழுதியிருந்தீர்கள். அவன் கேட்டதுதான் கேள்வி. புத்தகப் படத்தில் ஒரு பெட்டி, ஒரு தங்கத் தகடு, வளைந்து போகும் நாலு அம்புக்குறி, அவ்வளவுதான். அந்த அம்புகளை யாரும் கண்ணால் கண்டதில்லை. கண்டதெல்லாம் இருட்டறையில் ஒரு சிறு திரையில் மினுக்கிய பொட்டுகள். அவற்றை ஒவ்வொன்றாக எண்ணித்தான் அணுவுக்குள் கரு இருக்கிறது என்று கண்டுபிடித்தார்கள். அந்த வேலை நடந்த செங்கல் கட்டடம் இங்கே கூப்லண்ட் தெருவில் இன்னும் இருக்கிறது. இயற்பியல் துறை அங்கிருந்து எப்போதோ இடம் மாறிவிட்டது. அந்த வேலையை நடத்திய இயற்பியலாளரின் பெயர் மட்டும் நிற்கிறது: ரதர்ஃபோர்டு கட்டடம்.

முதலில் அந்தத் திரை. கண்ணாடி மேல் துத்தநாக சல்பைடு பொடியைப் பரப்பியது. கதிரியக்கப் பொருளிலிருந்து பாய்ந்து வரும் ஆல்ஃபா துகள் ஒன்று விழுந்தால் அந்த இடத்தில் ஒரு நொடிக்கும் குறைவாக ஒரு பொறி தெரியும். அதை நுண்ணோக்கி வழியே பார்க்க வேண்டும். வெளியிலிருந்து வந்தவுடன் உட்கார்ந்தால் ஒன்றும் தெரியாது. கண் இருட்டுக்குப் பழக அரை மணி நேரம் ஆகும். கண் சீக்கிரம் அசந்துவிடும் என்பதால் கொஞ்ச நேரம் எண்ணி, இளைப்பாறி, மறுபடி எண்ண வேண்டும். நிமிடத்துக்கு 90 பொறிக்கு மேல் போனால் சில பொறிகள் எண்ணாமல் தப்பிவிடும். 5-க்குக் கீழே போனால் வந்ததா, கண் மயங்கியதா என்று சந்தேகம் வந்துவிடும். இந்த இரண்டுக்கும் இடையில்தான் வேலை. ரதர்ஃபோர்டின் உதவியாளர் கைகரும் மாணவர் மார்ஸ்டனும் இப்படி ஒரு லட்சத்துக்கு மேல் எண்ணியிருக்கிறார்கள்.

ஒரு பொறிக்கு ஒரு துகள்தான் என்று எப்படித் தெரியும் என்று பையன் அடுத்துக் கேட்பான். 1908-இல் ரதர்ஃபோர்டும் கைகரும் இதே துகள்களை மின்முறையிலும் எண்ணிப் பார்த்தார்கள். வாயு நிரப்பிய குழாய், நடுவில் ஒரு கம்பி, உயர் மின்னழுத்தம். துகள் நுழையும்போதெல்லாம் மின்மானியின் முள் ஒருமுறை உதறும். இரண்டு எண்ணிக்கையும் ஒத்துப்போனது. அதற்குப் பிறகுதான் திரையை நம்பினார்கள். பாடத்தில் இந்தச் சரிபார்ப்பு விட்டுப்போவது பெரிய குறை என்று எனக்குப் படுகிறது.

1909-இல் மார்ஸ்டனுக்கு 20 வயது, பட்டப்படிப்பு மாணவர். துகள் ஏதாவது பின்னோக்கி வருகிறதா பார் என்று அவரிடம் சொன்னவர் ரதர்ஃபோர்டு. துகளை உமிழும் மூலத்துக்கும் திரைக்கும் நடுவே ஈயக்கட்டியை வைத்து நேர்வழியை அடைத்துவிட்டு, பக்கத்தில் ஓர் உலோகத் தகட்டை வைத்தார்கள். தகட்டில் பட்டுத் திரும்பினால்தான் திரைக்கு வர முடியும். வந்தது. நிமிடத்துக்குத் தங்கத்தில் 67, பிளாட்டினத்தில் 63, வெள்ளியில் 27, தாமிரத்தில் 14.5, அலுமினியத்தில் 3.4. அணு எடை கூடக்கூட எண்ணிக்கையும் கூடுகிறது. பிளாட்டினத்தில் பட்டதில் ஏறத்தாழ 8,000-க்கு ஒன்று திரும்பியது. மேற்பரப்பில் மட்டும் பட்டுத் தெறிக்கிறதோ என்ற ஐயம் வந்தது. தங்க ரேக்குகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிப் பார்த்தார்கள். அடுக்கு கூட எண்ணிக்கையும் கூடி, ஓர் அளவுக்கு மேல் நின்றுவிட்டது. ஆகவே திரும்புவது உலோகத்துக்கு உள்ளேயிருந்து.

இனி கணக்கு. 0.00004 சென்டிமீட்டர் தடிமனுள்ள தங்க ரேக்கில் துகள் பெரும்பாலும் விலகும் கோணம் வெறும் 0.87 பாகை. தாம்சனின் தர்ப்பூசணி அணுவாக இருந்தால், அதாவது நேர் மின்னூட்டம் பழச்சதை போல அணு முழுவதும் பரவியிருந்தால், பெரிய விலகல் என்பது இப்படிப்பட்ட சின்னச் சின்ன விலகல்கள் ஒரே பக்கமாகச் சேர்வதால்தான் வர முடியும். அந்த வழியில் 90 பாகை திரும்ப என்ன வாய்ப்பு என்று போட்டுப் பாருங்கள்: தசமப் புள்ளிக்குப் பிறகு 2,000-க்கு மேல் பூஜ்யம் எழுத வேண்டியிருக்கும். நடந்ததோ 20,000-க்கு ஒன்று. இவ்வளவு இடைவெளியை எந்த அளவீட்டுப் பிழையும் நிரப்பாது. ஆகவே ஒரே ஓர் அணு, ஒரே ஒரு தடவையில் துகளைத் திருப்பியிருக்க வேண்டும். அதற்கு அணுவின் மின்னூட்டம் முழுவதும் மிகச் சிறிய இடத்தில் குவிந்திருக்க வேண்டும். 1911-இல் ரதர்ஃபோர்டு எழுதிய கட்டுரையின் சாரம் இதுதான். அந்த மின்னூட்டம் நேரா எதிரா என்று அதில் அவர் தீர்த்துச் சொல்லவில்லை. 'கரு' என்ற சொல்லும் அதில் இல்லை. அடுத்த ஆண்டுதான் வருகிறது. மாணவர்களுக்கு இதைச் சொல்லுங்கள் அப்பச்சி. தெரிந்த அளவுக்கு மட்டும் சொல்லி நிறுத்துவதும் அறிவியலில் ஒரு பாடம்.

அந்தக் கட்டுரை சும்மா கதை சொல்லவில்லை. சோதித்துப் பார்க்கும்படி நாலு விதிகளைக் கொடுத்தது. சிதறும் எண்ணிக்கை ரேக்கின் தடிமனுக்கு நேர்விகிதம், மைய மின்னூட்டத்தின் இருமடிக்கு நேர்விகிதம், துகளின் வேகத்தின் நான்காம் அடுக்குக்கு எதிர்விகிதம், அதாவது வேகம் பாதியானால் எண்ணிக்கை 16 மடங்கு, கடைசியாகக் கோணம். கோணத்தில் பாதியை எடுத்து, அதன் சைன் மதிப்பை நான்காம் அடுக்கு ஆக்கி, ஒன்றை அதனால் வகுத்தால் வரும் மதிப்புக்கு எண்ணிக்கை நேர்விகிதம்.

1913-இல் கைகரும் மார்ஸ்டனும் நாலையும் சோதித்தார்கள். உருளை வடிவ உலோகப் பெட்டி, மேலே தேய்த்துப் பொருத்திய கண்ணாடி மூடி. மூலமும் ரேக்கும் அசையாமல் நிற்கும். திரை ஒட்டிய நுண்ணோக்கி பெட்டியோடு பிணைந்திருக்கும். பாகை குறித்த தட்டைத் திருப்பினால் பெட்டியும் நுண்ணோக்கியும் சேர்ந்து சுற்றும். கூம்பு வடிவ இணைப்பு காற்றுப் புகாமல் காக்கும். உள்ளே காற்றை உறிஞ்சி எடுக்காவிட்டால் காற்றே துகள்களைச் சிதறடித்துக் கணக்கைக் கெடுக்கும். ரேக்கை எடுத்துவிட்டு ஒரு தடவை எண்ணி, பெட்டிச் சுவரில் பட்டு வருவதைக் கழித்துக்கொள்ள வேண்டும். வேகத்தைக் குறைக்க நடுவில் அபிரகத் தகடுகளைச் செருகினார்கள்.

மூலம் ரேடான் வாயு; 3.8 நாளில் பாதியாகத் தேயும். தேய்வது தொல்லை என்று நாம் நினைப்போம். அவர்கள் அதையே கருவியாக்கிக்கொண்டார்கள். புது மூலம் வலுவாக இருக்கும்போது துகள் அரிதாக வரும் பெரிய கோணங்களை எண்ணினார்கள். தேயத்தேயச் சின்னக் கோணங்களுக்கு வந்தார்கள். அதனால் எப்போதும் 5-க்கும் 90-க்கும் இடையிலேயே எண்ண முடிந்தது. பிறகு தேய்வைக் கணக்கிட்டு எல்லாவற்றையும் ஒரே மூல வலிமைக்குக் கொண்டுவந்தார்கள். அந்த எண்களைக் கரும்பலகையில் எழுதிப் போடுங்கள். 150 பாகையில் 33.1, விதியின் மதிப்பு 1.15. 60 பாகையில் 477, விதி 16. 30 பாகையில் 7,800, விதி 223. 15 பாகையில் 1,32,000, விதி 3,445. முன்னதைப் பின்னதால் வகுக்கச் சொல்லுங்கள்: 28.8, 29.8, 35, 38.3 என்று வரும். மூன்றில் ஒரு பங்கு ஏற்றம் இருக்கிறது, மறைக்க வேண்டாம். ஆனால் எண்ணிக்கை 4,000 மடங்கு மாறியும் ஈவு இவ்வளவுதான் நகர்கிறது. இந்த நாலு வரி சொல்வதை எந்தப் படமும் சொல்லாது.

தங்கம் அமைந்தது ஒரு நல்ல வாய்ப்பு. நேருக்கு நேர் போகும் துகளும் கருவின் மையத்துக்கு ஏறத்தாழ 30 ஃபெர்மி (கருவை அளக்கும் மிகச் சிறிய நீள அலகு) தொலைவில் நின்று திரும்பிவிடும். தங்கக் கருவின் ஆரமோ 7 ஃபெர்மிதான். அதாவது தொடவே இல்லை. மின்விலக்கு மட்டும் வேலை செய்ததால் விதி சுத்தமாகப் பொருந்தியது. அலுமினியத்தில் கருவின் மின்னூட்டம் 13 மட்டும் என்பதால் துகள் மிக நெருங்கிப் போகும். 1920-களில் அலுமினியம், மக்னீசியம் போன்றவற்றில் விதி பிசகியபோதுதான் கருவுக்கு அருகில் வேறொரு விசை இருப்பது தென்பட்டது. அளவு புரிய வேண்டுமானால், கரு ஒரு மிளகு என்றால் தங்க அணு குறுக்கே 100 மீட்டர் உள்ள ஊருணி. நட்ட நடுவில் அந்த ஒரு மிளகு.

இப்போது இங்கே மாணவர்கள் இதே சோதனையை ஒரு பிற்பகலில் செய்கிறார்கள். மூலம் அமெரிசியம்-241. பூட்டிய பெட்டகத்திலிருந்து எடுக்கும்போதும் வைக்கும்போதும் ஏட்டில் நேரம் எழுதிக் கையெழுத்திட வேண்டும். இந்த ஊரில் அதில் ஒரு நாளும் தளர்வில்லை. திரைக்குப் பதில் சிலிக்கான் உணர்கருவி. தவறுகள் பெரும்பாலும் ஒரே மாதிரி. உணர்கருவி வெளிச்சத்துக்கும் துடிக்கும். கறுப்புத் துணி போர்த்தாவிட்டால் எண்ணும் கருவி தன்பாட்டுக்கு வெறும் விளக்கை எண்ணிக்கொண்டிருக்கும். காற்றை ஒரேயடியாகத் திறந்துவிட்டால் 2 மைக்ரான் ரேக்கு கிழிந்துவிடும். அடைப்பானை மெல்லத் திருக வேண்டும். பாகைத் தட்டின் பூஜ்யம் உண்மையான பூஜ்யமாக இருக்காது. இடம் வலம் இரண்டு பக்கமும் 5, 10, 15 பாகையில் எண்ணி, சமச்சீர் எங்கே விழுகிறது என்று பார்த்துத் திருத்த வேண்டும், ஒரு பாகை பிசகினாலும் நான்காம் அடுக்கு அதைப் பெரிதாக்கிக் காட்டும். 5 பாகைக்குக் கீழே, துகள் வரும் பிளவின் அகலம் குழப்பும், அங்கே விதியைத் தேட வேண்டாம். பெரிய கோணத்தில் பொறுமைதான் வேண்டும்: 100 எண்ணினால் பிழை 10 விழுக்காடு, 1 விழுக்காடு வேண்டுமென்றால் 10,000 எண்ண வேண்டும்.

நம் வீட்டில் அமெரிசியம் இல்லை, கோலி உண்டு. வளவு முற்றத்தில் வேண்டாம், தண்ணீர் ஓட வாட்டம் விட்டிருக்கும்; பட்டாலையில் செய்யுங்கள். 60 சென்டிமீட்டர் இடைவெளியில் இரண்டு சட்டம். நடுவே 6 கோலியை மெழுகு வைத்து ஒட்டி, அட்டையால் மறையுங்கள். முன்னாலிருந்து பார்த்தால் ஒன்றை ஒன்று மறைக்கக் கூடாது, இரண்டுக்கும் நடுவே குறுக்குவாட்டில் இரண்டு கோலி அகலத்துக்கு மேல் இருக்க வேண்டும், சட்டத்தை ஒட்டியும் வைக்கக் கூடாது. அதே அளவுக் கோலியை, குறி பார்க்காமல், அகலம் முழுவதும் பரவலாக 200 தடவை உருட்டச் சொல்லுங்கள். மோதும் சத்தம் கேட்டால் ஒரு கோடு. ஒரே கோலி இரண்டில் மோதினாலும் ஒரு கோடுதான். மோதிய எண்ணிக்கையை 60-ஆல் பெருக்கி, 12-ஆல் வகுத்து, 200-ஆலும் வகுத்தால் கோலியின் விட்டம் வரும். 64 மோதினால் 1.6 சென்டிமீட்டர். நுட்பமாகப் பார்த்தால் 60-இலிருந்து ஒரு கோலி அகலம் கழிக்க வேண்டும். வித்தியாசம் 3 விழுக்காடு. பையன்கள் குறி பார்த்து அடிப்பார்கள், அதுதான் பெரிய தொல்லை, கண்ணைக் கட்டிவிடுங்கள்.

பார்க்காத பொருளின் அளவை எண்ணிக்கை சொல்லிவிடும் என்பது அங்கே கைக்கு வந்துவிடும். பின்னால் வந்தவர்களும் செய்தது இதுதான். 1950-களில் ஸ்டான்ஃபோர்டில் ஹாஃப்ஸ்டாட்டர் எலக்ட்ரான்களை எறிந்து கருவின் வடிவத்தையும் புரோட்டானின் பருமனையும் அளந்தார். அதே ஊரில் 3 கிலோமீட்டர் நீள முடுக்கியில் 1968 வாக்கில் புரோட்டானை இன்னும் வேகமாக அடித்தபோது, எதிர்பார்த்ததைவிடப் பெரிய கோணத்தில் அதிகம் சிதறியது. உள்ளே புள்ளி போன்ற துகள்கள் இருக்கின்றன என்று அறிந்தார்கள், குவார்க் அது. மான்செஸ்டர் இருட்டறையில் கண்ட அதே அடையாளம்.

கோலிக் கணக்கு என்ன வந்தது என்று எழுதுங்கள். 200-க்குக் குறைத்து உருட்ட விட்டுவிடாதீர்கள். ஆறு பேர் தனித்தனியாக உருட்டினால் ஆறு எண்ணிக்கையையும் அப்படியே எழுதி அனுப்புங்கள், சராசரி மட்டும் வேண்டாம்.

தங்கள் அன்பு மகள்