உங்கய்யன் டேப்லெட்டு என்ற கிட்டத்தான் இருக்குது

மாப்ளே,

நல்லாருக்கறயா? இங்க எல்லாரும் சொகம். தேர் நெலைக்கு வந்து சேந்துருச்சு. மழை ஒரு ஒழவுக்குப் பேஞ்சுது. பொன்னிக்கோழி விசயம் இன்னும் முடியல, கேக்காத. சோடாக்காரன் உன்னைய விசாரிச்சான்.

உங்கய்யன் உனக்குப் போன் போட்டு "அந்த மோட்டாருக்குக் காயில் கட்டறவன் என்ற டேப்லெட்டப் புடுங்கிட்டுப் போயிட்டான்"னு இந்நேரம் சொல்லியிருப்பாரு. சொல்லலீன்னா இன்னைக்குப் பொழுதோட சொல்லுவாரு. ஆமா, புடுங்கிட்டுத்தான் வந்தேன். போன்ல பேசலாம்னா உன்ற போர் போடற ரிக்கு ஓடற சத்தத்துல நான் பேட்டரிங்கறது உனக்குக் கேசிங் பைப்புன்னு கேக்கும். அதான் எழுதறேன். முழுசாப் படிச்சுப்போட்டுப் பதில் போடு. கைவெரலத் தூக்கிக் காட்டற படம் அனுப்புனா ஊருக்கு வர்றப்ப ஒதைப்பேன்.

தோட்டத்துல சப்மெர்சிபிள் மோட்டாரு அடிக்கடி ட்ரிப் ஆகுதுன்னு கூப்புட்டிருந்தாரு. போயி ஸ்டார்ட்டரப் பாத்துட்டு, தண்ணி குடிக்கலாம்னு உள்ள போனா, கட்டல்ல தலகாணிக்கு அடியில இருந்து ஒரு ஒயர் வருது. இழுத்துப் பாத்தா டேப்லெட்டு. திரைக்கும் சட்டத்துக்கும் நடுவுல நகம் நொழையுது. மேசை மேல வெச்சா ஒரு பக்கமாச் சாஞ்சு ஆடுது. கை வெச்சாச் சூடு.

"மாமா, பேட்டரி உப்பிப்போச்சுங்க."

"உப்புனா என்றா, படம் நல்லாத்தான தெரியுது?"

அவரு சொல்றதும் பொய்யில்ல மாப்ளே, படம் நல்லாத்தான் தெரிஞ்சுது. அந்தியூர் குதிரைச் சந்தை ஓடிட்டு இருந்துது. அதான் எனக்குப் பயமே. ஒரு மோட்டாரு காயில் கருகுதுன்னா நாத்தம் வரும், சத்தம் மாறும், அது இழுக்கற கரண்டு, அதான் ஆம்ஸ், ஏறும், நாலு தடவை சொல்லிட்டுத்தான் சாகும். இது உள்ளுக்குள்ள கேஸு கட்டிட்டு, வெளிய சந்தை காட்டிட்டு இருக்குது. உள்ள இருக்கற அந்தத் திரவம் சிதைஞ்சு வாயுவாகுது. வெளிய போக வழியில்லாம மெல்லிசுத் தகடு பையி வீங்குது. அதை அமுக்குனாலோ, குத்துனாலோ, மறுக்கா சார்ஜ் போட்டாலோ தீப்புடிக்கறதுக்கு வாய்ப்பு இருக்குது. பஞ்சுத் தலகாணி, பஞ்சு மெத்தை, அதுக்கு மேல எழுவத்தாறு வயசு மனுசன் தனியாப் படுத்திருக்கறாரு. ராத்திரி எனக்குத் தூக்கம் புடிக்கல. தமாசுக்குச் சொல்லல.

நானு ஒயரக் கழட்டி, ஆப் பண்ணி, பொடக்காலியில மணல் கொட்டி வெச்சிருந்த மண்சட்டியில வெச்சுட்டேன். உங்கய்யன் நானு என்னமோ அவரு கொழந்தையப் பொதைக்கற மாதிரி பாத்தாரு.

எதனால உப்புச்சுன்னு ஒண்ணே ஒண்ணக் கை காட்ட முடியாது. வயசாயிருக்கும். மேல சிமெண்ட் அட்டை, சித்திரையில அந்த ஊட்டுக்குள்ள வேக்காடு எப்படியிருக்கும்னு உனக்குத் தெரியும். ஆனா பெரிய காரணம் ஒண்ணு எனக்குத் தோணுது. அந்த ஒயரு எப்பவுமே மாட்டியே கெடக்குதாம். ஏனுங் மாமான்னு கேட்டதுக்கு, "கரண்டு போயிட்டா?"ங்கறாரு. 2012ல கரண்டு இருந்த நேரத்தை வெரல் விட்டு எண்ணுனமே, அதுல இருந்து அவருக்கு எதுவும் ரொம்பியே இருக்கணும். தொட்டி ரொம்பணும், அண்டா ரொம்பணும், டார்ச்சு லைட்டு ரொம்பணும். தண்ணிக்குச் சரி. இந்த லித்தியம் பேட்டரிக்கு நூறுலயே நிக்கறதுதான் பாடு. நூறுங்கறப்ப ஒரு செல்லுல நாலு வோல்ட்டுக்கு மேல ஏறி நிக்கும். அந்த வோல்டேஜும் சூடும் ஒட்டுக்காச் சேந்தா உள்ள அரிச்சுட்டே போகும். பாதியளவுல வெச்சிருந்தா இன்னும் நாளைக்கு வரும். எடுத்து வெக்கறதுன்னாக்கூட அம்பதுல ஆப் பண்ணி வெக்கச் சொல்லித்தான் கம்பெனிக்காரனே எழுதியிருக்கறான்.

இதைச் சொன்னா நம்ம ஊர்ல ஒருத்தனும் நம்ப மாட்டேங்கறான். "பூரா எறக்கிட்டுத்தான் மறுபடி ஏத்தோணும்"னு டீக்கடையில சத்தியம் பண்றானுக. அது பழைய நிக்கல் கேட்மியம் பேட்டரி காலத்துப் பேச்சு. அதுக்கு அந்தச் சீக்கு இருந்துது, பாதியில ஏத்துனா பாதியத்தான் ஞாபகம் வெச்சுக்கும். லித்தியத்துக்கு அது கெடையாது. பூஜ்யத்துல போட்டு வெக்கறதும் இதுக்கு ஆகாது. இருவதுக்குக் கீழ போக வுடாம, எம்பதுல ஒயரக் கழட்டுனாப் போதும். இன்னைக்குப் பாதி, நாளைக்குப் பாதின்னு ஏத்துனா ரெண்டுஞ் சேந்துதான் ஒரு சுத்துன்னு கணக்கு.

அதுகூடப் பரவால்ல, இந்தக் கறுப்புப் படக் கூட்டம் ஒண்ணு இருக்குது. திரையில கறுப்புப் படம் வெச்சா பேட்டரி மிச்சமாம். அமோலெட் திரைன்னா மெய்தான், கறுப்பு எடத்துல வெளக்கே எரியாது. உங்கய்யன்து சாதா எல்சிடி. பின்னால வெளக்கு பூராவும் எரிஞ்சுட்டுத்தான் இருக்கும், கறுப்பானாலும் வெள்ளையானாலும். அதுல மிச்சம் புடிக்கோணும்னா வெளிச்சத்தக் கொறைக்கறது ஒண்ணுதான் வழி. அவரு எந்நேரமும் முழு வெளிச்சத்துலதான் வெச்சிருந்தாரு, கண்ணாடி போடறதுக்குச் சோம்பேறித்தனம்.

இப்ப உன்ற ஐபேடு விசயத்துக்கு வர்றேன். "சார்ஜ் நிக்க மாட்டேங்குது, புதுசு வாங்கட்டுமா"ன்னு நீ கேட்டது ஞாபகம் இருக்குது, பதில் போடாததுக்குத் திட்டாத, ஊர்ல அத்தனை போரு மோட்டாரும் இந்தக் கோடையிலதான் எரியோணுமா? வாங்காத. மொதல்ல செட்டிங்ஸ்ல பேட்டரின்னு இருக்கறதத் தொட்டுப் பாரு. கடைசியாக் கொஞ்ச நாள்ல எது எவ்வளவு தின்னுச்சுன்னு வரிசையாக் காட்டும். மேப்பு மேல நின்னா ஜிபிஎஸ்ஸு. வீடியோ மேல நின்னா உன்ற ட்ரில்லர் பசங்க. ஒண்ணுமே பெருசாத் தெரியாம வேகமா எறங்குதுன்னா டவர் கிடைக்காத காட்டுல சிம்மு டவரத் தேடித் தேடியே கரண்டக் குடிக்குதுன்னு அர்த்தம். வேலையில்லாதப்ப ஏரோப்ளேன் மோடுல போட்டுப் பாரு, ராத்திரியில எவ்வளவு எறங்குதுன்னு தெரிஞ்சுரும். ஒவ்வொரு ஆப்பையும் மேல தள்ளித் தள்ளி மூடற பழக்கத்தையும் வுடு. மறுக்காத் தொறக்கறப்ப முதல்ல இருந்து ஏத்தறதுக்குத்தான் எச்சாச் செலவாகும்.

பேட்டரிக்கு எவ்வளவு ஆயுசு மிச்சம்ங்கறது உன்ற ஐபேடுல நேராத் தெரியாது. 2024ல வந்த புரோ, ஏர் மாடலுக்கு மேலதான் அந்தச் சதவீதத்தையும், எம்பதோட நிறுத்தற வசதியையும் செட்டிங்ஸ்ல குடுத்தான். உன்ற பொண்ணு கழிச்சுக் குடுத்ததக் கடையில கம்ப்யூட்டர்ல மாட்டித்தான் எத்தனை சுத்து ஓடியிருக்குதுன்னு பாக்கோணும். ஆயிரம் சுத்துக்கு அப்புறமும் எம்பது சதவீதம் புடிக்கற மாதிரித்தான் ஐபேடு பேட்டரியச் செஞ்சிருக்கறாங்களாம். அப்புறம், இருவது காட்டறப்பவே பொசுக்குனு அணையுதுன்னு சொன்னயே, அது பேய் இல்ல. அந்த நம்பரே உத்தேசம்தான். நீ போர்க்குழியில கல்லைப் போட்டுச் சத்தத்த வெச்சுத் தண்ணி மட்டம் சொல்ற மாதிரி, அது வோல்டேஜையும், கரண்டு உள்ள போறதையும் வெளிய வர்றதையும் வெச்சுச் சொல்லுது. பேட்டரி கிழடாச்சுன்னா அந்தக் கணக்கு தப்பும்.

ஆனா உன்றதுக்கு வேற எதையும் விட வெயில்தான் எமன். முப்பத்தஞ்சு டிகிரிக்கு மேல வெச்சுப் பொழங்குனா பேட்டரி ஒரேயடியா அடிவாங்கும்னு கம்பெனியே சொல்லுது. நீ ராஜஸ்தான்ல நாப்பத்தஞ்சு டிகிரியில, வண்டி டேஷ்போர்டு மேல, கண்ணாடி வழியா வெயில் அடிக்கறப்ப, சார்ஜும் போட்டுட்டு மேப்பும் ஓட்டற. அப்புறம் நிக்கலைன்னு என்னையக் கேக்கற! ரிக்குக்கு ஆயில் கூலர் வெச்சிருக்கறயில்ல? அந்த அறிவு இதுல எங்க போச்சு? சீட்டுக்கு அடியில வை. சூடா இருக்கறப்ப சார்ஜ் போடாத, ஆறுனதுக்கப்புறம் போடு.

எனக்கு இதுல ஆச்சரியம் என்னன்னா, உங்கய்யன் டேப்லெட்டுக்குள்ள இருக்கறது துளியூண்டு கரண்டு. ஏழாயிரம் எம்ஏஎச்னு போட்டிருக்கறானே, அது இருவத்தேழு வாட்-அவர்தான் வருது. தோட்டத்து அஞ்சு எச்பி மோட்டாரு ஒரு மணி நேரம் ஓடற கரண்டுல அந்த டேப்லெட்ட நூறு தடவைக்கு மேல ரொப்பலாம். அந்தத் துளியப் புடிச்சு வெக்கறதுக்கு எத்தனை பேரு மண்டைய ஒடைச்சிருக்கறாங்க. 1991ல சோனிதான் இந்த லித்தியம் அயான் பேட்டரிய மொதல்ல விக்கறதுக்குக் கொண்டு வந்தான். கண்டுபுடிச்ச மூணு பேருக்கு 2019லதான் நோபல் குடுத்தாங்க. அதுல குடினஃப்புங்கற மனுசனுக்கு அப்ப தொண்ணூத்தேழு வயசு. இதை உங்கய்யன்கிட்டச் சொன்னேன், "இந்த வயசுல புதுசா என்னத்தப் பழகறது"ன்னு அவரு சலிச்சுக்கறப்ப. "அவனுக்குத் தோட்டம் இல்ல, பொழுதிருந்துருக்கும்"னுட்டாரு. இவருகிட்ட யாரு பேசறது!

ஈரோட்டுல ஒரு கடையில காட்டுனேன், "இதெல்லாம் பாக்கறதில்லீங், புது மாடல் எடுத்துக்குங்க"ன்னு சாதனத்தக் கையிலகூடத் தொடல. இன்னொரு பையன், சின்னக் கடை, ஒட்டுப்பசைய எளக்கித் திரையக் கழட்டி, அந்த உப்புன பேட்டரிய எங்கயும் மடங்காம எடுத்தான். பாத்துட்டே நின்னேன். மோட்டாரப் பிரிக்கற கைதான்னாலும் அதுல கத்தி வெக்க எனக்குத் தைரியம் வராது, நீயும் உன்ற மெக்கானிக்க வுட்டுராத. பழைய பேட்டரி அவன் கிட்டயே இருக்குது. குப்பையில போடக்கூடாது, தயாரிச்ச கம்பெனிதான் திரும்ப எடுத்துக்கோணும்னு 2022ல விதியே வந்துருச்சு, அதுக்கு அனுப்பறவங்க வர்றப்பக் குடுத்துருவான்.

புதுசு மாட்டியாச்சு. ரெண்டு ராத்திரி என்ற கடையில சிமெண்டுத் தரையில வெச்சு ஏத்தி எறக்கிப் பாத்துட்டுத்தான் அவரு கைக்குக் குடுப்பேன். இது எம்பத்தஞ்சோட நிக்கற வசதி இருக்கற மாடலு, அதைப் போட்டுட்டேன். "ஏன்டா நூறு காட்ட மாட்டேங்குது, கெடுத்துப்போட்டயா"ன்னு கேப்பாரு. அப்ப நீதான் பேசோணும், என்ற பேச்சு எடுபடாது. தலகாணி விசயத்தையும் நீயே சொல்லு. அதட்டிச் சொல்லாத, பேத்திய வுட்டுச் சொல்லச் சொன்னாக் கேப்பாரு. சுவத்துல ஒரு மரப்பலகை அடிச்சு, அதுமேல வெச்சு, பகல்ல முழிச்சிருக்கறப்ப மட்டும் சார்ஜ் போடற மாதிரி நான் பண்ணிக் குடுத்தர்றேன். பணம் கிணம் அனுப்பாத.

பங்கஜம் டாக்கீஸ் கோஷ்டி ஆடி நோம்பிக்கு வர்றானுக. நீயும் வந்தாத்தான் அந்தப் பழைய கணக்கு தீரும். அப்புறம், போன தடவை உன்ற மெக்கானிக் என்ற டாங் டெஸ்டர எடுத்துட்டுப் போனவன் போனவன்தான். வர்ற லாரியில தாட்டி வுடு, ஆம்ஸ் பாக்காம நான் கண்ண மூடிட்டு மோட்டார் வுட்டுட்டு இருக்கறேன்.

இப்படிக்கு,
காயில்